'அஒய்' என்ற ஜப்பானியப் பெயர்: நீலமா, சூரியகாந்தியா, வேறு பூவா?

மழைத்தும்பி கேட்டது:

பிறக்கப்போகும் பெண் குழந்தைக்கு 'அஒய்' என்று வைக்கலாமா என்று யோசனை. அப்பா ஜப்பானியர், அம்மா தமிழ். பிரசவமும் ஜப்பானில்தான். பெயர்ப் பட்டியல் தளங்களில் தேடினால் ஒன்று 'நீலம்' என்கிறது, இன்னொன்று 'சூரியகாந்தி' என்கிறது, மூன்றாவது ஏதோ தோட்டத்துப் பூ என்கிறது. எது சரி? எந்த கான்ஜியில் (ஒவ்வொன்றும் ஒரு பொருள் தரும், சீனத்திலிருந்து வந்த எழுத்து) எழுதினால் என்ன பொருள் வரும்? பதிவு செய்யும்போது கவனிக்க வேண்டியது என்ன? தமிழ்ச் சொந்தங்கள் வாயில் இந்தப் பெயர் என்ன ஆகும் என்பதும் ஒரு கவலை.

---

கல்தச்சன் பதில்:

ஒரே சொல்லுக்கு மூன்று பொருள் என்று நினைத்தால் குழப்பம்தான். இங்கே இருப்பது ஒலியில் ஒன்றாகிவிட்ட இரண்டு வேறு சொற்கள்.

முதலாவது நிறச்சொல். பழைய எழுத்துமுறையில் இதை 'அ-வொ-இ' என்பதுபோல் எழுதினார்கள். நீலத்துக்கும் பச்சைக்கும் பொதுவான நிறம் அது. போக்குவரத்து விளக்கின் பச்சையைக்கூட ஜப்பானில் இன்றும் 'அஒ' என்றுதான் சொல்வார்கள். திருமாலைப் பச்சை வண்ணன், நீலவண்ணன், கார்வண்ணன் என்று மாற்றி மாற்றிச் சொல்லும் நமக்கு இது விளங்காத விஷயமில்லை.

இரண்டாவது செடியின் பெயர். பழைய எழுத்தில் 'அ-ஃபு-ஹி'. பேச்சில் இரண்டும் எப்போதோ ஒன்றாகிவிட்டன. 1946ஆம் ஆண்டு எழுத்துச் சீர்திருத்தத்துக்குப் பிறகு, ஒலியை மட்டும் எழுதும் ஹிரகானாவிலும் வேறுபாடு போய்விட்டது. பெண் பெயராகப் பெரும்பாலும் வருவது இந்தச் செடிப்பெயர்தான்.

'அஃபு' என்றால் சந்தித்தல், 'ஹி' என்றால் நாள். 'வகா' என்ற பழைய ஜப்பானியக் குறுங்கவிதை எழுதிய கவிஞர்கள் இந்தச் செடியைப் பாடும்போதெல்லாம் 'சந்திக்கும் நாள்' என்ற சிலேடையை உள்ளே வைப்பார்கள். சொல் அங்கிருந்துதான் பிறந்தது என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள், அது கவிஞர் விளையாட்டு. ஆனால் பெயர்ப்பொருளாகக் குழந்தைக்குச் சொல்ல இதைவிட அழகானது வேறில்லை என்பது என் கருத்து.

சூரியகாந்தி எப்படி வந்தது என்றால், அதன் ஜப்பானியப் பெயர் 'ஹிமவரி'. அதை மூன்று கான்ஜியில் எழுதுவார்கள்: 'நோக்கும்', 'சூரியன்', கடைசியில் 'அஒய்'. அந்தக் கடைசி எழுத்தைத் தனியே பிய்த்தெடுத்து 'சூரியகாந்தி' என்று போட்டுவிட்டார்கள். சூரியகாந்தி அமெரிக்கக் கண்டத்துச் செடி, ஜப்பானுக்கு வந்ததே எடோ காலத்தில் (1603–1868). அஒய் என்ற சொல் அதற்குப் பல நூற்றாண்டு முந்தியது.

---

இலைக்காரி பதில்:

சொல் வரலாறு சரி. செடி விஷயத்தில் இன்னும் ஒரு சிக்கல் இருக்கிறது. அதைப் பிரிக்காமல் 'எந்தச் செடி' என்ற கேள்விக்குப் பதில் வராது. ஒரே எழுத்துக்குள் குறைந்தது மூன்று செடிகள் உட்கார்ந்திருக்கின்றன.

சீனத்தில் இந்த எழுத்து குறித்தது கீரையாகச் சாப்பிட்ட ஒரு செடியை. நம் துத்தி, செம்பருத்தி, வெண்டை எல்லாம் அடங்கிய குடும்பம். அதன் இலை சூரியன் பக்கம் திரும்பும் என்று சீன மரபில் ஒரு நம்பிக்கை. 'சூரியனை நோக்குவது' என்ற பொருள் பெயரோடு ஒட்டிக்கொண்டது இங்கிருந்துதான்.

இன்று ஜப்பானியரிடம் வெறுமனே 'அஒய் பூ' என்றால் பலருக்கு நினைவு வருவது தச்சி அஒய். 'நிற்கும் அஒய்' என்று பொருள். ஆள் உயரத்தைத் தாண்டி நேராக வளரும். பூ செம்பருத்தியின் அக்கா மாதிரி இருக்கும், தண்டில் அடியிலிருந்து நுனிவரை வரிசையாகப் பூக்கும். அடிப்பூ விரிந்தால் மழைக்காலம் தொடங்கியது, நுனிப்பூ விரிந்தால் முடிந்தது என்று ஒரு வழக்கு உண்டு. அதனால் 'மழைக்கால அஒய்' என்றும் பெயர். ஆங்கிலத் தளங்கள் சொல்லும் தோட்டத்துப் பூ இதுவே.

ஆனால் அஒய் என்ற பெயருக்கு மதிப்பு சேர்த்தது இந்த உயரமான பூ அல்ல. காட்டுத் தரையில் நிழலில் வளரும் ஃபுதபா அஒய் என்ற சிறு செடி. 'ஃபுதபா' என்றால் ஈரிலை. ஒரு தண்டு, அதில் எதிரெதிராக இரண்டு இதய வடிவ இலைகள், அவ்வளவுதான். பூவைப் பார்க்க வேண்டுமானால் குனிந்து இலையைத் தூக்க வேண்டும்: செம்பழுப்பு நிறத்தில் ஒரு சின்னக் கிண்ணம், தலை கவிழ்ந்து தொங்கும். குடும்பமும் வேறு, நம் ஆடுதின்னாப்பாளையின் குடும்பம். செம்பருத்திக்கும் இதற்கும் சொந்தமே கிடையாது.

கியோட்டோவின் காமிகாமோ, ஷிமோகாமோ என்ற இரண்டு காமோ ஆலயங்களின் புனிதச் செடி இது. ஆண்டுதோறும் மே 15 அன்று அரண்மனையிலிருந்து புறப்படும் ஊர்வலத்தில் 500 பேருக்கு மேல் ஹெய்யான் கால (794–1185) அரசவை உடையில் நடப்பார்கள். அவர்கள் தலையணியிலும் மாட்டுவண்டியிலும் இந்த இலையைச் செருகியிருப்பார்கள். உள்நாட்டுப் போர்களால் நின்றுபோன விழா 1694இல் மீண்டும் தொடங்கியபோதுதான் 'அஒய் விழா' என்ற பெயர் நிலைத்தது.

எடோ காலத்தில் ஜப்பானை ஆண்ட தொகுகவா குடும்பத்தின் சின்னமும் இந்த இலைதான். அதில் வட்டத்துக்குள் மூன்று இலைகள் இருக்கும். செடியில் இருப்பதோ இரண்டு. மூன்றிலை என்பது சின்னம் வரைந்தவரின் கைவண்ணம்.

ஆக, 'சூரியனை நோக்கும்' என்ற பொருள் எழுத்தோடு சீனத்திலிருந்து வந்தது. ஜப்பானியச் செடியோ நிழல்விரும்பி. இரண்டையும் ஒரே வாக்கியத்தில் போட்டு 'சூரியனைப் பார்க்கும் கியோட்டோ மலர்' என்று எழுதும் தளங்களை விட்டுத் தள்ளுங்கள்.

---

பதிவேடு பதில்:

எழுத்துக்கு வருகிறேன். ஜப்பானில் குழந்தைப் பெயருக்கு எல்லா கான்ஜியும் செல்லாது. பொதுப் பயன்பாட்டுப் பட்டியலில் உள்ள 2,136 எழுத்துகள், பெயருக்கென்று தனியாக அனுமதித்த 863 எழுத்துகள், ஹிரகானா, அதைப்போலவே ஒலியெழுத்தான கதகானா, இவ்வளவுதான். செடியைக் குறிக்கும் அஒய் எழுத்து பெயர்ப் பட்டியலில் சேர்ந்தது 1976இல். கான்ஜியில் அஒய் என்று பெயர் உள்ளவர்கள் இளையவர்களாகவே இருப்பதற்கு அது ஒரு காரணம்.

செடி எழுத்து 12 கோடு. மேலே 'புல்' என்பதைக் குறிக்கும் தலைப்பகுதி (புல் தலை), கீழே ஒலிக்காகச் சேர்த்த பகுதி. அந்தக் கீழ்ப்பகுதியில்தான் தப்பு நடக்கும். அதன் மேற்பாதி 'புறப்பாடு' என்ற அன்றாட எழுத்தின் மேற்பாதியைப் போலவே இருப்பதால், கை தானாக அந்த எழுத்தின் அடிப்பகுதியைப் போட்டுவிடும். இங்கே அடியில் வர வேண்டியது 'வானம்' என்ற எழுத்தின் வடிவம். படிவம் நிரப்பும் முன் பத்துமுறை எழுதிப் பாருங்கள்.

நிறப்பொருள் வேண்டுமென்றால் முக்கியமாக இரண்டு எழுத்து. 13 கோடுள்ளது ஒன்று: புல் தலைக்குக் கீழே 'களஞ்சியம்', அடர்ந்த பசுமை, ஆழ்ந்த வான நிறம். முகம் வெளிறியது என்ற சொல்லிலும் இதே எழுத்து வருவதால் சில தாத்தா பாட்டிகள் முகம் சுளிப்பார்கள். 14 கோடுள்ளது மற்றொன்று: அடியில் 'கல்', பச்சைக்கல்லின் நீலப்பச்சை. இந்த இரண்டும் இப்போது ஆண் குழந்தைகளுக்குத்தான் அதிகம். அஒய் இருபாலருக்கும் பொதுப்பெயர்தான் என்றாலும், செடி எழுத்து என்றால் பெண் என்றே பெரும்பாலோர் எடுத்துக்கொள்வார்கள்.

வாசிப்பையும் கவனியுங்கள். செடி எழுத்தைத் தனியாகப் போட்டால் பார்த்தவர் சரியாக 'அஒய்' என்பார். 13 கோட்டு எழுத்தை 'ஸோ' என்றும், 14 கோட்டு எழுத்தை 'அஒ' அல்லது 'மிதொரி' என்றும் வாசிப்பார்கள். அப்புறம் ஆயுள் முழுக்கத் திருத்திக்கொண்டே இருக்க வேண்டும். 'வெயில்' எழுத்தை முன்னால் சேர்த்தாலோ பெயரே மாறி 'ஹிமரி' ஆகிவிடும். அண்மை ஆண்டுகளில் பெண் பெயர்களில் உச்சத்தில் இருப்பது அது.

2025 மே 26 முதல் குடும்பப் பதிவேடான கொசெகியில் வாசிப்பும் ஏறுகிறது. எழுத்துக்குப் பொதுவாக ஒப்புக்கொள்ளத்தக்க வாசிப்பாக இருக்க வேண்டும், விசித்திரமாக இருந்தால் விளக்கம் கேட்பார்கள். அஒய்க்கு அந்தத் தொல்லை வராது. பிறப்பு அறிவிப்புக்கு 14 நாள் கெடு, பிறந்த நாளையும் சேர்த்து எண்ண வேண்டும். படிவத்தின் வலப்பாதி மருத்துவர் தரும் பிறப்புச் சான்று, இடப்பாதிதான் நீங்கள் எழுதுவது. பதிவான பெயரை மாற்ற வேண்டுமென்றால் தக்க காரணத்தோடு குடும்ப நீதிமன்ற அனுமதி வாங்க வேண்டும்.

ஒன்று சேர்க்கிறேன்: பெற்றோர் இருவரும் இந்தியக் குடிமக்கள் என்றால் இந்த கான்ஜி ஆராய்ச்சியே தேவையில்லை. குழந்தைக்குக் கொசெகி கிடையாது, பெயர் கதகானாவிலும் ரோமன் எழுத்திலும்தான் போகும். உங்கள் விஷயத்தில் அப்பா ஜப்பானியர் என்பதால் எழுத்து முக்கியம்.

---

ஒலிப்பெட்டி பதில்:

உச்சரிப்புக்கு: மூன்று தட்டு. அ, ஒ, இ. மூன்றும் ஒரே அளவு, எதுவும் நெடில் இல்லை. கை தட்டிச் சொல்லிக் காட்டினால் பாட்டிக்கும் பிடிபடும்.

நம் நாக்கு இரண்டு உயிரெழுத்தைச் சும்மா பக்கத்தில் வைக்காது, நடுவே உடம்படுமெய் போட்டு 'அவொய்' ஆக்கும். அது பெரிய குற்றமில்லை. வேடிக்கை என்னவென்றால், கல்தச்சன் சொன்ன நிறச்சொல்லின் பழைய வடிவத்துக்கே திரும்பிப் போகிறோம்.

உண்மையான ஆபத்து, ரோமன் எழுத்தைப் பார்த்து வாசிப்பவர்களிடம். அவசரத்தில் 'ஆயி' என்பார்கள். சின்னக் குழந்தையிடம் தமிழ் வீட்டில் அந்தச் சொல்லுக்கு என்ன பொருள் என்று சொல்லத் தேவையில்லை. சிலர் 'அயோ' என்பார்கள், அது ஒப்பாரி. ஆகவே சொந்தங்களுக்குச் செய்தி அனுப்பும்போது ரோமனில் அனுப்பாதீர்கள். முதல் நாளே தமிழில் 'அஒய்' என்று எழுதி, கூடவே ஒரு குரல் பதிவும் அனுப்பிவிடுங்கள். முதலில் காதில் விழுந்ததுதான் நிற்கும்.

---

மழைத்தும்பி:

எல்லோருக்கும் நன்றி. செடி எழுத்து என்றே முடிவுக்கு வந்துவிட்டோம், அந்த ஈரிலைச் செடிக்காகவே. மூன்று சின்னக் கேள்வி. 'கென்ஜி மொனொகதாரி' என்ற பழைய ஜப்பானியப் புதினத்தில் இந்தப் பெயருள்ள பெண் இறந்துவிடுகிறாள், ராசியில்லை என்று ஒருவர் சொல்கிறார். இரண்டு, கோட்டு எண்ணிக்கை ஜோதிடத்தில் ஒரு தளம் 12 என்றும் இன்னொன்று 15 என்றும் கணக்கிடுகிறது. மூன்று, அப்பாவின் குடும்பப் பெயர் 'யமா', அதாவது 'மலை' எழுத்தில் முடிகிறது. இது ஏதாவது பாதிக்குமா?

---

கல்தச்சன்:

அந்தப் பாத்திரத்துக்கு மூலத்தில் பெயரே கிடையாது. 9ஆம் அத்தியாயத்தின் தலைப்பு 'அஒய்', அதை வைத்து வாசகர்கள் பின்னால் சூட்டியது 'அஒய் நொ உஎ'. பிள்ளை பெற்ற சில நாளில் அவள் இறப்பது உண்மைதான். ஆனால் தலைப்பு வந்தது காமோ விழாவை ஒட்டி. ஜப்பானில் இதற்காக இந்தப் பெயரைத் தவிர்ப்பவர் அரிது. 2016இல் மெய்ஜி யசுதா ஆயுள் காப்பீட்டு நிறுவனத்தின் ஆண்டுப் பட்டியலில் பெண் பெயர்களில் முதலிடமே இந்த எழுத்துக்குத்தான்.

கோட்டுக் கணக்கில் புல் தலையை இன்றைய வடிவப்படி 3 என்று எண்ணுவது ஒரு மரபு, மூல வடிவப்படி 6 என்பது இன்னொன்று. வித்தியாசம் அந்த மூன்றுதான். தாத்தா எந்த மரபோ அதன்படி பாருங்கள். இரண்டையும் திருப்திப்படுத்தக் கிளம்பினால் 14 நாளும் போய்விடும்.

---

பதிவேடு:

மூன்றாவது கேள்வியை முதலிலேயே சொல்லியிருக்க வேண்டும். 'மலை' எழுத்தும் 'அஒய்' எழுத்தும் அடுத்தடுத்து வந்தால் ஜப்பானியர் அதை 'வசாபி' என்று வாசிப்பார்கள். சுஷியோடு வருமே, கண்ணில் நீர் வரவைக்கும் அந்தப் பச்சைக் காரம், அதேதான். அதை எழுதும் முறையே 'மலை அஒய்'. குடும்பப் பெயர் முன்னால் வருவதால் இடைவெளி விடாமல் எழுதினால் பெயர் நடுவில் வசாபி தெரியும். சட்டத்தில் தடை ஏதும் இல்லை. பள்ளியில் கேலிப்பெயர் மட்டும் உறுதி.

---

இலைக்காரி:

எழுத்து அமைந்ததும் செடியைப் பார்த்துத்தான். வசாபி இலையும் இதே இதய வடிவம்.

வழி இருக்கிறது. ஹிரகானாவில் மூன்று எழுத்தாக எழுதினால் வசாபி காணாமல் போகும், வாசிப்பிலும் தப்பு வராது. பொருள் எழுத்தில் தெரியாது, அவ்வளவுதான். நீங்களே சொல்லிக்கொடுத்தால் ஆயிற்று. கான்ஜிதான் வேண்டுமென்றால் நிறப்பொருள் எழுத்துக்குப் பின்னால் 'ஆடை' எழுத்தை 'இ' ஒலிக்காகச் சேர்ப்பது உண்டு, ஆனால் உங்கள் ஈரிலைச் செடி கைவிட்டுப் போகும். நானாக இருந்தால் ஹிரகானா.

எதுவானாலும் முடிவெடுக்கும் முன் முழுப்பெயரை ஒரு தாளில் மேலிருந்து கீழாக, நடுவே இடைவெளி இல்லாமல் எழுதி, விஷயம் தெரியாத ஜப்பானியர் ஒருவரிடம் கொடுத்து வாசிக்கச் சொல்லுங்கள். சிரித்தால் வேறு எழுத்து.