மறு: ‘கசாதோ’வுக்குத் தமிழில் என்ன சொல்லலாம்?

அன்பு நண்பர்களுக்கு வணக்கம்.

பதினாறாம் நூற்றாண்டில் ஆசியாவுக்கு வந்து, மணம் செய்து இங்கேயே தங்கிவிட்ட போர்ச்சுகீசியரைக் குறிக்கும் சொல் ‘கசாதோ’ (casado). அதற்குத் தமிழ்ச்சொல் தேடும் நம் குழுவின் இழையில் வந்த மடல்களை நேற்றிரவு முதலிலிருந்து மறுபடி படித்தேன். ‘மணமானவர்’, ‘குடும்பஸ்தர்’, ‘சம்சாரி’, ‘பறங்கிக் குடியேறி’ என நான்கு பரிந்துரைகள். மொழிபெயர்க்கவே வேண்டாம், ‘கசாடோ’ என்றே எழுதிவிடலாம் என்று ஐந்தாவதாக ஒரு கருத்து. ஆறாவதாக நான் ‘மனைக்குடி’ என்ற சொல்லை முன்வைக்கிறேன். காரணம் சொல்லச் சற்று நீளமாக எழுத வேண்டியிருக்கிறது. பொறுத்துக்கொள்ளுங்கள்.

இந்தச் சொல் எங்கே பிறந்தது என்பதைப் பார்த்துவிடுவோம். 1510-இன் தொடக்கத்தில் போர்ச்சுகீசிய ஆளுநர் அஃபோன்சு டி அல்புகெர்க் கோவாவைப் பிடித்தார். மே மாதத்தில் பிஜப்பூர்ப் படையிடம் அதை இழந்தார். மழைக்காலத்தில் கடலுக்குப் போக வழியின்றி, ஆற்றுமுகத்தில் கப்பல்களிலேயே அடைபட்டுக் கிடந்தார். அந்த ஆண்டு நவம்பர் 25-இல் ஊரை மீண்டும் கைப்பற்றினார். பிடித்த ஊரை வைத்துக்கொள்ள ஆள் வேண்டுமே. போர்ச்சுகலின் மொத்த மக்கள்தொகையே அன்று பத்து லட்சத்தைச் சற்றுத் தாண்டியதுதான். லிஸ்பனிலிருந்து கப்பல் வந்துசேர ஆறு மாதம் போல் ஆகும், வழியில் சாகிறவர்களும் பலர். பெண்கள் அந்தக் கப்பல்களில் வந்தது மிகக் குறைவு. ஆகவே தம் படையாட்கள் உள்ளூர்ப் பெண்களை மணந்து அங்கேயே தங்கிவிட அல்புகெர்க் வழி செய்தார். மணந்தவருக்கு நிலமும் தோப்பும் வணிகம் செய்யும் உரிமையும் கிடைத்தன. மலாக்காவை 1511-இல் பிடித்த பிறகு அங்கேயும் இதே ஏற்பாடு தொடர்ந்தது.

அப்படித் தங்கியவர்தான் கசாதோ. நேர்ப்பொருள் ‘மணமானவர்’. ஆனால் போர்ச்சுகீசிய ஆசியாவில் அது ஒரு சட்டத் தகுதி. பாதிரியார்களை நீக்கிவிட்டுப் பார்த்தால், ஆசியாவுக்கு வந்த போர்ச்சுகீசிய ஆண்கள் இரண்டே வகை: சொல்தாதோ, கசாதோ. சொல்தாதோ மணமாகாதவர், அரசருடைய படைப் பட்டியலில் உள்ளவர். கப்பல் புறப்பட்டால் அவரும் புறப்பட வேண்டும். மழைக்காலத்தில் கடல் மூடிக்கிடக்கையில் சம்பளமும் இல்லாமல், கோவாவில் ஏதாவதொரு பிரபுவின் பந்தியில் உண்டு காலம் கழிப்பார். மணம் செய்த அன்று அவர் கசாதோ ஆகிறார். கடற்படைச் சேவையிலிருந்து பெரும்பாலும் விடுபடுவார், கடை வைப்பார், கப்பலில் பங்கு போடுவார், நகரசபையில் இடம் பெறுவார். ஊர் முற்றுகைக்கு உள்ளானால் மட்டும் ஆயுதம் ஏந்தி மதிலில் நிற்பார்.

எனவே ‘மணமானவர்’ என்று மட்டும் போட்டால் வரலாற்றுப் பொருள் முழுக்கக் கழன்றுவிடுகிறது. ‘1540-களில் கொச்சியின் மணமானவர்கள் நகரசபையில் முறையிட்டனர்’ என்று ஒரு வாக்கியத்தை எழுதிப் பாருங்கள். படிப்பவர் குடும்பத் தகராறு என்றல்லவா நினைப்பார்?

‘குடும்பஸ்தர்’ பேச்சு வழக்கில் அழகான சொல்தான். ஆனால் பொறுப்பான ஆள், ஒழுங்கானவர் என்ற நற்சான்றும் அதோடு ஒட்டிக்கொண்டு வருகிறது. கசாதோக்களுக்கு அந்தச் சான்றை வழங்க நமக்கு அதிகாரம் இல்லை. ‘சம்சாரி’ என்று கோவில்பட்டிப் பக்கத்து ஐயா எழுதியிருந்தார். சம்சாரம் என்றால் மனைவி என்பதால் அந்தச் சொல் அவருக்குத் தோன்றியது இயல்பு. ஆனால் அவர் ஊரிலேயே சம்சாரி என்றால் வெள்ளாமை செய்கிறவர். கசாதோ பெரும்பாலும் வணிகர். தெற்கத்தி வாசகர் தடம் மாறிப் போவார்.

‘கசாடோ’ பற்றி. சன்னல், மேசை, அலமாரி, சாவி, ஏலம், பாதிரி எல்லாம் போர்ச்சுகீசியத்திலிருந்து வந்து நிலைத்துவிட்டனவே, இதுவும் வரட்டுமே என்கிறார் அந்தக் கருத்தைச் சொன்ன அண்ணன். அந்தச் சொற்கள் வாயிலும் காதிலுமாக நூற்றாண்டுக் கணக்கில் புழங்கி, தேய்ந்து, தமிழாகவே மாறியவை. கசாதோவை அப்படி யாரும் நம் தெருவில் வைத்துச் சொல்லவில்லை. ஏட்டிலிருந்து நேரே எடுத்துவைக்கப் போகிறோம். அதிலும் ‘கசாடோ’ என்று எழுதினால், ‘கற்க கசடற’ படித்து வளர்ந்த கண்ணுக்குக் கசடுதான் தெரியும். போர்ச்சுகீசியத்தில் அந்த ‘d’ ஒலி பல்லொலி என்பதால் தலைப்பில் ‘கசாதோ’ என்று போட்டிருக்கிறேன். முதல் முறை வரும் இடத்தில் மூலச்சொல்லை இப்படித் தரலாம். கட்டுரை முழுக்க அதையே இழுத்துக்கொண்டு போக முடியாது.

இப்போது ‘பறங்கி’. இதைத்தான் நான் அதிகம் யோசித்தேன். மட்டக்களப்பு நண்பர் எழுதிய வரி இது: “எங்கட ஊரில பறங்கியர் எண்டுதான் சொல்லுறம். அவையளும் தங்களை அப்பிடித்தான் சொல்லுகினம். புதுச் சொல் என்னத்துக்கு?” அவர் சொல்வது நியாயம். மட்டக்களப்பில் போர்ச்சுகீசியக் கிரியோல் என்ற கலப்பு மொழி பேசிய பறங்கியர் குடும்பங்கள் இன்றும் வாழ்கின்றன. போர்ச்சுகீசியர் இலங்கையை ஒல்லாந்தரிடம் முழுதாக இழந்தது 1658-இல். அதன் பிறகும் இத்தனை நூற்றாண்டு அந்த மொழி ஒரு தமிழூரில் உயிரோடிருந்தது என்பதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு வியப்பாக இருக்கிறது. அந்தச் சமூகத்தின் பெயராகப் பறங்கியர் என்பது இருக்கட்டும், அதைத் தொடக்கூடாது.

ஆனால் பறங்கி என்பது இனப்பெயர். சொல்தாதோவும் பறங்கி, பாதிரியாரும் பறங்கி, ஆளுநரும் பறங்கி. பறங்கிமலையும் பறங்கிப்பேட்டையும் பறங்கிக்காயும்கூட அந்தக் கணக்கில்தான் வருகின்றன. கசாதோ என்பது அந்த இனத்துக்குள் ஒரு நிலை. இன்னொரு தடையும் உண்டு. 1635-இல் அந்தோனியோ பொக்காரோ கீழ்த்திசையின் போர்ச்சுகீசியக் கோட்டைகளையும் ஊர்களையும் பற்றிக் கோட்டைவாரியாக ஒரு விவரக் குறிப்பு எழுதினார். ஊர்தோறும் ‘வெள்ளைக் கசாதோக்கள்’ எத்தனை, ‘கறுப்புக் கசாதோக்கள்’ எத்தனை என்று தனித்தனியாகக் கணக்குக் கொடுக்கிறார். கறுப்புக் கசாதோ என்றால் மதம் மாறிய உள்ளூர்க் கிறிஸ்தவக் குடும்பத்தலைவர். தொடக்கத்தில் போர்ச்சுகீசியரை மட்டும் சுட்டிய சொல், ஒன்றேகால் நூற்றாண்டில் அவர்களையும் தன்னுள் வாங்கிக்கொண்டிருக்கிறது. ‘பறங்கிக் குடியேறி’ என்று வைத்தால், பொக்காரோவின் இந்த வரியை மொழிபெயர்க்கும்போது ‘கறுப்புப் பறங்கிக் குடியேறி’ என்று எழுத நேரும். சொந்த மண்ணில் பிறந்தவரைக் குடியேறி என்பது எப்படிப் பொருந்தும்?

எனவே நமக்கு வேண்டிய சொல்லில் இனம் இருக்கக் கூடாது, வீடும் மணமும் இருக்க வேண்டும், ஊரில் உரிமை பெற்றவர் என்ற தொனியும் வேண்டும். இங்கேதான் மனை உதவிக்கு வருகிறது.

போர்ச்சுகீசியத்தில் காசா என்றால் வீடு. அதிலிருந்து கசார், மணம் செய்தல். வீடு அமைத்துக்கொள்வதே மணம். கசாதோ என்றால் வீடு அமைத்துக்கொண்டவர். தமிழும் இதே தடத்தில்தான் நடந்திருக்கிறது. மனையிலிருந்து மனைவி, மனையாள், மனையறம். இல்லிலிருந்து இல்லாள், இல்லறம். இன்றைய பேச்சில் வீட்டுக்காரர், வீட்டுக்காரி. மனை என்ற ஒற்றைச் சொல்லே மனைவியையும் குறிக்கும். குறளில் ‘மனைவிழைவார்’ என்பதில் அந்தப் பொருள்தான். வீட்டையும் துணையையும் ஒரே சொல்லால் சொல்லும் வழக்கம் இரு மொழிகளிலும் இருக்கும்போது, அதைப் பயன்படுத்தாமல் விடுவது பெரிய இழப்பு.

குடி என்பது குடும்பம், குலம், வாழிடம், அரசின் கீழ் உரிமையும் கடமையும் உள்ள ஆள் என எல்லாவற்றையும் தாங்குகிறது. குடித்தனம், குடிமகன், குடிவரி என்ற சொற்களைச் சேர்த்துப் பாருங்கள். மனை, குடி இரண்டும் சேர்ந்தால் வீடும் மணமும் ஊருரிமையும் ஒரே சொல்லில் வந்துவிடுகின்றன.

எதிர்வாதங்களையும் நானே சொல்லிவிடுகிறேன். இன்று மனை என்றால் மனைப்பட்டா, ‘மனைகள் விற்பனைக்கு’ என்ற பலகை. உண்மைதான். கசாதோவுக்கும் நிலம் தரப்பட்டது என்பதால் அந்தச் சாயல் பெரிய கேடு செய்யாது என்று நினைக்கிறேன். ‘மணக்குடி’ என்று வைக்கலாமே என்று என்னிடம் தனிமடலில் ஒருவர் கேட்டார். அது குமரிக் கடற்கரையில் ஊர்ப்பெயராக இருக்கிறது, குறள் உரைகாரர் மணக்குடவரும் நினைவில் வந்து நிற்பார். ‘மனைக்குடியர்’ என்று பன்மை எழுத வேண்டாம். குடியன் என்பதற்கு நம் ஊரில் வேறு பொருள் இருக்கிறது. ‘மனைக்குடிகள்’ அல்லது ‘மனைக்குடியினர்’ என்று எழுதலாம்.

இதற்கு இணையாக வரும் சொல்தாதோவுக்குப் ‘படைவீரர்’ போதாது, மணமாகாதவர் என்ற எதிர்நிலை அதில் தெரியாது. புதுச்சேரிக்காரர்களுக்குச் ‘சொல்தா’ பழகிய சொல். ஆனால் அது பிரெஞ்சுப் படையில் இருந்தவரைக் குறிக்கிறது. நான் ‘சேவகர்’ என்று வைத்துப் பார்த்தேன். மனைக்குடி, சேவகர் என்று அடுத்தடுத்து எழுதும்போது ஒருவர் வீட்டுக்குக் கட்டுப்பட்டவர், மற்றவர் அரசருக்குக் கட்டுப்பட்டவர் என்பது விளங்குகிறது.

லன்சாதோவையும் இதே சொல்லில் அடக்கலாம் என்று ஒரு கருத்து வந்தது. கூடவே கூடாது. லன்சாதோ மேற்கு ஆப்பிரிக்கக் கரையில், செனகாம்பியா, கினிப் பக்கத்தில், அரச அனுமதி இல்லாமல் உள்நாட்டுக்குள் போய் அங்குள்ள மக்களோடு கலந்து வாழ்ந்தவர். எறிதல் என்ற வினையிலிருந்து வந்த பெயர் அது, தம்மைத் தாமே அக்கரையில் எறிந்துகொண்டவர் என்று பொருள். அவரும் உள்ளூர்ப் பெண்ணோடுதான் வாழ்ந்தார், அவருக்கும் பிள்ளைகள் இருந்தனர். ஆனால் அரசு அவரைக் குற்றவாளியாகப் பார்த்தது. கசாதோவின் மணத்துக்குத் தேவாலயமும் அரசும் சாட்சி. இருவரையும் பிரிப்பது அந்த ஏற்பு ஒன்றுதான். அதைச் சொல்லில் கரைத்துவிட்டால் வரலாறே தட்டையாகிவிடும்.

நடுவில் எங்கோ நிற்பவர்களும் உண்டு. நாகப்பட்டினத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். மண் தஞ்சை நாயக்கருடையது. கோட்டை கட்டாமலேயே நெடுங்காலம் போர்ச்சுகீசிய வணிகர்கள் அங்கே குடும்பத்தோடு வாழ்ந்தார்கள், அரிசி ஏற்றினார்கள், கோவாவின் கட்டளைக்கு முழுதாகக் கட்டுப்படவில்லை. மயிலாப்பூர்ச் சாந்தோமிலும் அதே கதை. முகலாயர் அனுமதியோடு எழுந்த ஹூக்ளி 1632-இல் ஷாஜகானின் படையால் அழிந்தது. இவர்கள் அரசச் சேவையை விட்டு வணிகத்தில் இறங்கியவர்கள். இப்படிப்பட்டவரைப் போர்ச்சுகீசியர் ‘சதிம்’ என்றனர். அந்தச் சொல் எங்கிருந்து போனது தெரியுமா? நம் ‘செட்டி’தான். செட்டியைப் போலத் தானே வாங்கி விற்பவர் சதிம். அதிலிருந்து வணிகம் செய்வதற்கு வினையும் உண்டாக்கிக்கொண்டார்கள். அவர்கள் நம்மிடம் கடன் வாங்கி வைத்த இந்தச் சொல்லைத் திரும்ப எடுத்து, சதிமைத் தமிழில் ‘பறங்கிச் செட்டி’ என்று எழுதலாமா? எனக்கு ஆசையாக இருக்கிறது. ஆனால் சாதிப்பெயரோடு குழம்பும் என்பதால் தயங்குகிறேன். அதை வேறு இழையில் பேசுவோம்.

கடைசியாக, எனக்கு மிக முக்கியமான ஒன்று. அல்புகெர்க்கின் மணத் திட்டத்தை ‘இனக் கலப்பை வரவேற்ற பெருந்தன்மை’ என்று எழுதும் வழக்கம் இன்னும் இருக்கிறது. கோவா வீழ்ந்தபோது முஸ்லிம்கள் பெருந்திரளாகக் கொல்லப்பட்டார்கள். முதலில் மணமுடிக்கப்பட்ட பெண்களில் பலர் அந்தப் போரில் சிறைப்பட்டவர்கள். ஞானஸ்நானம் கொடுத்து, பெயர் மாற்றி, தம் சொந்தக்காரரைக் கொன்ற படையாட்களுக்கே மணமுடித்தார்கள். ‘காதல் குடிகள்’ போன்ற ஒரு சொல் இழையின் தொடக்கத்தில் பேச்சுவாக்கில் வந்ததே, அதை நாம் யாரும் கையாளக் கூடாது என்று கெஞ்சிக் கேட்கிறேன். ‘மணம்’ என்ற சொல்லை நான் தவிர்த்ததற்கும் இதுவே காரணம். மணம் என்றதும் இருவர் இசைந்தார்கள் என்று காது கேட்டுக்கொள்கிறது. மனை அந்த இசைவைப் பற்றி எதுவும் சொல்வதில்லை. ஒரு பெண்ணைக் கொண்டே ஒருவருக்கு ஊரில் நிலையும் உரிமையும் வந்தன என்பதை மட்டும் சொல்கிறது. நடந்தது அதுதான்.

பிற்காலத்தில் வசாய், தமன் பகுதிகளில் ஊர்களையே பெண்களின் பேரில் மானியமாகக் கொடுத்து, அவர்களை மணக்கும் போர்ச்சுகீசியருக்கு வாழ்வு அமைத்தார்கள். அங்கே மனையும் மனைவியும் ஒரே பத்திரத்தில் இருந்தன. இந்த இடங்களை மொழிபெயர்க்கும்போது ‘மனைக்குடி’ தன் வேலையைச் செய்கிறது.

சோதனைக்காகச் சில தொடர்கள்: ‘மக்காவு (Macau) நகரின் மனைக்குடிகள் ஜப்பான் கப்பலை எதிர்பார்த்திருந்தனர்.’ ‘கொச்சியின் மனைக்குடிகள் நகரசபையில் முறையிட்டனர்.’ ‘சேவகராக வந்தவர், ஐந்தாம் ஆண்டில் மனைக்குடி ஆனார்.’ ‘வெள்ளை மனைக்குடிகளும் கறுப்பு மனைக்குடிகளும் மதிலைக் காத்தனர்.’ படித்துப் பார்த்து உறுத்தும் இடத்தைச் சொல்லுங்கள்.

எனக்கு உறுத்துவது ஒன்றே ஒன்று. கணவர் இறந்த பின் வீட்டையும் வணிகத்தையும் நடத்திய கைம்பெண்ணை என்ன சொல்வது? போர்ச்சுகீசியத்தில் அவருக்குக் கசாதோ பொருந்தாது. தமிழில் குடி என்பது ஆணுக்கும் பெண்ணுக்கும் பொது, எனவே அவரையும் மனைக்குடி என்று எழுதிவிட முடியும். மூலத்தில் அவருக்கு இல்லாத தகுதியை மொழிபெயர்ப்பில் நாம் கொடுத்துவிடலாமா? மட்டக்களப்பு நண்பரும் கோவில்பட்டி ஐயாவும் இதைப் பற்றி என்ன நினைக்கிறார்கள் என்று அறிய விரும்புகிறேன்.

அன்புடன்.