ஆத்தாவின் 80ஆவது பிறந்த நாளுக்கு என்ன பாட்டு?

கார்த்தி: ஆத்தா பர்மாவில் இருந்தவராயிற்றே என்று பெரியப்பா சொன்னபடி பர்மா பாட்டுகளைத் தேடிக் கேட்டேன். பாதிக்குப் பாதி இங்கிலீஷ் மெட்டு. அப்பட்டமான காப்பி!

மீனா அத்தை: அங்கேயே அதற்குக் 'காப்பி தச்சின்', அதாவது காப்பிப் பாட்டு என்றுதான் பெயர். யாரும் ஒளிக்கவில்லை.

கார்த்தி: சொல்லிவிட்டு எடுத்தால் சரியா அத்தை?

பெரியப்பா: 1988 ஜனநாயகப் போராட்டத்தில் நாடே பாடிய 'கபா மக்யே பூ' கேட்டாயா? எழுதியவர் நாயிங் மியன்மா. மெட்டு, கன்சாஸ் என்ற அமெரிக்கக் குழுவின் 1977 பாட்டு. அவர்கள் எல்லாம் காற்றில் பறக்கும் தூசி என்று பாடினார்கள். இவர் உலகம் அழிந்தாலும் விடமாட்டோம் என்று எழுதினார். 2021இல் ராணுவம் ஆட்சியைப் பிடித்ததும் ராத்திரி 8 மணிக்கு எதிர்ப்பாகப் பாத்திரம் தட்டிய ஜனங்கள் பாடியதும் இதைத்தான். இப்போது அது யாருடைய பாட்டு?

கார்த்தி: ம்ம்.

நிலா: பிறந்த நாளுக்குப் போராட்டப் பாட்டு வேண்டாமே...

மீனா அத்தை: சாய் தீ சைங் என்ற பாடகரின் பாட்டைப் போடுங்கள். பர்மாவின் ஷான் இனத்தவர், கிட்டார் பாட்டு, சொந்த மெட்டு. அவருக்குப் பல பாட்டுகளை எழுதிய சாய் காம் லேக் ஒரு டாக்டர்.

பெரியப்பா: சாய் தீ சைங் பேர் வாங்கியது எழுபதுகளில். ஆத்தா பர்மாவிலிருந்து கப்பலேறியது 1965இல். ஆத்தாவுக்கு அவரை எப்படித் தெரியும்? இந்த வீடியோவைப் பாருங்கள்.

நிலா: ஐயோ, இது நம் யாழ் மாதிரியே இருக்கிறது!

பெரியப்பா: 'சவுங்'. வளைந்த கழுத்து, படகு போன்ற உடல், மேலே மான் தோல், 16 நரம்பு. முன்பு பட்டு நூல், இப்போது நைலான். பர்மாவின் பழைய பியூ மக்களின் நகரமான ஸ்ரீக்ஷேத்திரத்துச் சிற்பத்திலேயே இப்படி ஒரு யாழ் இருக்கிறது. நம் வில்யாழுக்கு உறவுதான். நாம் புத்தகத்தில் வைத்துக்கொண்டு பெருமை பேசுகிறோம், அவர்கள் இன்னும் வாசிக்கிறார்கள்.

மீனா அத்தை: அதில் வாசிக்கும் பழைய பாட்டுகளில் ஒரு வகைக்கு 'யோதயா' என்று பெயர். 1767இல் பர்மாக்காரர்கள் தாய்லாந்தின் அன்றைய தலைநகர் அயுத்தயாவை வென்றபோது பிடித்து வந்த தாய்லாந்துக் கலைஞர்களிடமிருந்து வந்த பாணி.

கார்த்தி: அப்போதே காப்பியா!

பெரியப்பா: ஆமாம்டா. பியானோவையும் விடவில்லை. அங்கே அதற்குப் பேர் 'சந்தயா'. அப்படித் தேடிக் கேள், மேற்கத்திய வாசிப்பின் சாயலே இருக்காது.

நிலா: ஆத்தாவிடமே கேட்டுவிட்டேன். 'சைங் வைங் போடு' என்கிறார். அது என்ன?

பெரியப்பா: 21 சின்ன மத்தளங்களை வட்டமாகத் தொங்கவிட்டு ஒருவர் நடுவில் உட்கார்ந்து வாசிப்பார். சோற்றையும் சாம்பலையும் பிசைந்து தோலில் அப்பித்தான் சுருதி சேர்ப்பார்கள். கூடவே வட்டமாக வைத்த வெண்கலச் சேகண்டிகள், 'ஹ்னே' என்ற நாயனம். ராத்திரி முழுக்க நடக்கும் 'புவே' கூத்துக்கு அதுதான் உயிர்.

நிலா: விடிய விடியப் பார்த்தாராம். சத்தமாக வைக்க வேண்டுமாம்.

கார்த்தி: சரி, பெரிய ஸ்பீக்கர் கொண்டுவருகிறேன். மாடி வீட்டுக்காரரிடம் அத்தை பேசிவிடுங்கள்.