பணம் திரும்பி வந்தால் மோசடி வழக்கை முடித்துவிடலாமா?

தாழ்வாரம்:
ஸ்டெர்லிங் பயோடெக் வங்கிக் கடன் வழக்கில் 2025 நவம்பரில் வந்த உச்ச நீதிமன்ற உத்தரவைப் படித்ததிலிருந்து மனசு ஆறவில்லை. அந்த நிறுவனத்தை நடத்திய சந்தேசரா சகோதரர்கள் 5,100 கோடி ரூபாய் கட்டினால் அவர்கள் மீதுள்ள குற்ற வழக்குகள் முடிவுக்கு வரும், இதை மற்றவர்கள் முன்னுதாரணமாகக் காட்டக் கூடாது என்கிறது உத்தரவு. 2017ல் நாட்டை விட்டுப் போனவர்கள், 2020ல் தப்பியோடிய பொருளாதாரக் குற்றவாளிகள் என்று அறிவிக்கப்பட்டவர்கள். இந்த ஒரு வழக்கை விடுங்கள், பொதுவாகவே கேட்கிறேன். மாட்டிக்கொண்ட பிறகு பர்ஸைத் திருப்பிக் கொடுத்தால் பிக்பாக்கெட் நடக்கவே இல்லை என்று ஆகிவிடுமா?

பழைய வாய்தா:
நான் பணத்தைப் பறிகொடுத்தவன், அதனால் கொஞ்சம் நீளமாக எழுதுகிறேன். கூட்டுத் தொழிலில் என் பங்காளி என் கையெழுத்தைத் தானே போட்டுக் கடன் வாங்கினார். புகார் கொடுத்து எஃப்ஐஆர் போடவைக்கவே ஒரு வருடம் ஆனது. குற்றப்பத்திரிகைக்கு இன்னும் மூன்று. அப்புறம் வாய்தா மேல் வாய்தா. ஒரு நாள் நீதிபதி விடுப்பு, ஒரு நாள் சாட்சி வரவில்லை, ஒரு நாள் எதிர்த்தரப்பு வக்கீலுக்கு உடம்பு சரியில்லை. ஒன்பதாவது வருடம் அவரே ஆள் விட்டுப் பேசினார், ராஜி ஆனோம்.

உயர் நீதிமன்றத்தில் எங்கள் வழக்கு எடுத்துக்கொண்ட நேரம் ஐந்து நிமிடம் இருக்கும். இன்ஸ்பெக்டர் என்னை அடையாளம் காட்டினார். நீதிபதி என்னைப் பார்த்து, "பணம் வந்துவிட்டதா? யாராவது மிரட்டினார்களா?" என்று கேட்டார். வந்தது, யாரும் மிரட்டவில்லை என்றேன். டிடி சட்டைப் பையில்தான் இருந்தது, நடுவில் இரண்டு முறை தொட்டுப் பார்த்துக்கொண்டேன். அவர் ஜெயிலுக்குப் போயிருந்தால் எனக்கு என்ன கிடைத்திருக்கும்? தண்டனையோடு இழப்பீடு தரச் சொல்லலாம்தான். அவர் அப்பீல் போனால் அது முடியும்வரை அந்தப் பணம் கைக்கு வராது என்று என் வக்கீலே சொன்னார்.

தாழ்வாரம்:
உங்கள் நிலை புரிகிறது சார். ஆனால் நீங்கள் சொல்வது, நீதிமன்றம் தாமதிக்கிறது என்பதற்காகக் குற்றவாளிக்குச் சலுகை கொடுக்கச் சொல்வதுபோல் இருக்கிறது.

கறுப்புக்கோட்டு:
சட்டம் என்ன சொல்கிறது என்று பார்த்துவிட்டுச் சண்டை போடலாமே. பழைய இந்திய தண்டனைச் சட்டத்தின் 420, அதாவது ஏமாற்றிப் பொருளைப் பறிப்பது, ஏழு வருடம் வரை தண்டனை உள்ள குற்றம். ஆனாலும் நீதிமன்ற அனுமதியோடு ஏமாந்தவரே சமரசம் செய்துகொள்ளலாம் என்று சட்டமே சொல்கிறது. போலி ஆவணம் (468, 471) சேர்ந்துவிட்டால் அந்த வழி கிடையாது. அப்போது வழக்கை ரத்து செய்ய உயர் நீதிமன்றத்துக்கு உள்ள உள்ளார்ந்த அதிகாரத்தைத்தான் நாட வேண்டும். முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் பிரிவு 482, இப்போது அதன் இடத்தில் வந்த பிஎன்எஸ்எஸ் சட்டத்தில் 528. வாய்தா சார் வழக்கில் நடந்தது இதுதான்.

2012ல் கியான் சிங் வழக்கில் மூன்று நீதிபதிகள் அமர்வு இதற்கு ஒரு கோடு போட்டது. கொலை, பாலியல் வன்கொடுமை போன்றவை ராஜியால் தீராது. வியாபாரக் கொடுக்கல் வாங்கலில் பிறந்த, சிவில் சாயல் தூக்கலான வழக்குகள் தீரலாம். 2017ல் பர்பத்பாய் வழக்கில், நாட்டின் நிதிநிலையைப் பாதிக்கிற குற்றங்களுக்கு இது பொருந்தாது என்றார்கள். ஆனால் அதற்கெல்லாம் முன்பே, 2008ல் நிகில் மெர்ச்சன்ட் வழக்கில், வங்கியோடு சமரசமான சிபிஐ வழக்கையே ரத்து செய்திருக்கிறார்கள். அடுத்த வருடமே ரூமி தர் வழக்கில் கடனை அடைத்தவருக்கும் விடுதலை இல்லை என்றார்கள். கோடு எங்கே இருக்கிறது என்று என் கட்சிக்காரர் கேட்டால் நானும் பேப்பரைப் புரட்டிக்கொண்டுதான் பதில் சொல்கிறேன்.

ஒற்றைக்கொம்பு:
தமிழ்நாட்டிலேயே உதாரணம் இருக்கும்போது எதற்கு வெளியே போகிறீர்கள்? போக்குவரத்துக் கழகங்களில் வேலை வாங்கித் தருவதாகப் பணம் வசூலித்ததாக ஒரு வழக்கு. கொடுத்தவர்களும் வாங்கியதாகச் சொல்லப்பட்டவர்களும் சமரசமாகிவிட்டார்கள் என்று 2021ல் சென்னை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. 2022 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் அந்த ரத்தையே ரத்து செய்தது. ஏன்? பணம் கொடுத்தவருக்குப் பணம் திரும்பிவிட்டது, சரி. தகுதியிருந்தும் வேலை கிடைக்காமல் போனவருக்கு யார் என்ன திருப்பித் தந்தார்கள்? அவர் அந்த ராஜியில் கையெழுத்தே போடவில்லையே.

இன்னொன்று. சமரசத்தில் முடிந்த குற்றம் சட்டப்படி விடுதலைக்குச் சமம். அவர் பெயரில் ஒரு கறையும் இருக்காது. வாய்தா சாரின் பங்காளி நாளைக்கு வேறொருவரோடு கூட்டுச் சேர்ந்தால், அந்த ஆள் விசாரித்துப் பார்த்தாலும் ஒன்றும் தெரியாது.

பழைய வாய்தா:
அரசு வேலை விஷயத்தில் உங்கள் பக்கம்தான் நான். அது இரண்டு பேர் சண்டை இல்லை. ஆனால் என் வழக்கில் மூன்றாவது மனிதர் யார்? இல்லாத ஒருவருக்காக இன்னும் பத்து வருடம் நான் படியேறி இறங்க வேண்டுமா?

தாழ்வாரம்:
அந்தக் கடனைக் கொடுத்த வங்கி மூன்றாவது மனிதர் இல்லையா?

பழைய வாய்தா:
வங்கிக்கு முதலிலேயே கட்டியாகிவிட்டது. கட்டியது நான்.

கறுப்புக்கோட்டு:
நடுவழி ஒன்று இருக்கிறது, யாரும் சீண்டுவதில்லை. 2006 முதல் குற்ற ஒப்புதல் பேரம் சட்டத்தில் உள்ளது. ஏழு வருடத்துக்கு மேல் தண்டனை இல்லாத பெரும்பாலான குற்றங்களுக்குப் பொருந்தும். குற்றம் சாட்டப்பட்டவர் தவறை ஒப்புக்கொள்ள வேண்டும், ஏமாந்தவருக்கு இழப்பீடு, தண்டனையில் குறைப்பு. பணமும் வரும், பதிவும் நிற்கும். ஒற்றைக்கொம்பு கேட்பது இதைத்தானே?

ஒற்றைக்கொம்பு:
இதைத்தான். எல்லோரும் ஏன் இதில் போவதில்லை?

பழைய வாய்தா:
ஒப்புக்கொள்ள மாட்டார்கள், அதனால்தான். தம்பி, என் ராஜிப் பத்திரத்தில் ஒரு வரி இருந்தது: "தவறான புரிதலால் கொடுக்கப்பட்ட புகார்." அதை அடிக்கச் சொன்னார் என் வக்கீல். அந்த வரி இல்லாவிட்டால் டிடி கிடையாது என்றார்கள். சரி என்று கையெழுத்துப் போட்டுவிட்டேன். இந்த முறை என் கையெழுத்தை நானே போட்டேன், அவ்வளவுதான் வித்தியாசம்.