இட்லிப்பூச் செடி மஞ்சளடிக்கிறது, என்ன செய்யலாம்?

கடலூர் தேவனாம்பட்டினம் பக்கம் வீடு, போர் தண்ணீர் கொஞ்சம் உப்பு. மதில் ஓரமாக வைத்த சிவப்பு இட்லிப்பூச் செடியில் புதுத் தளிர் எல்லாம் மஞ்சளாக வருகிறது, நரம்பு மட்டும் பச்சையாகவே நிற்கிறது, அடியில் உள்ள பழைய இலைகளுக்கு ஒன்றும் இல்லை. இரும்புச்சத்துக் குறைதான் என்று தோன்றுகிறது, ஏனென்றால் இந்தச் செடிக்கு அமில மண்தான் பிடிக்கும், சிமெண்ட் சுவரிலிருந்து சுண்ணாம்பு இறங்கினால் மண்ணில் இரும்பு இருந்தும் வேர் எடுக்காது. மோர் ஊற்றச் சொல்லாத ஆளே தெருவில் இல்லை! லிட்டருக்கு 5 கிராம் அன்னபேதி (இரும்பு சல்பேட் உப்பு) கரைத்து இலையில் தெளிப்பார்களே, தளிர் கருகாதா? மெதுவாக வளரும் செடி, பிடுங்கி வேறு இடத்தில் வைக்க மனசு வரவில்லை. அப்புறம், கிளை நுனியில்தானே பூக்கிறது, இப்போது கவாத்து செய்யலாமா, இலை தேறும்வரை பொறுக்கணுமா? கடலோரத்தில் வளர்ப்பவர்கள் சொல்லுங்கள்.