கோல்ட்ஃபிஷ் வால் கிழிஞ்சிருக்கு, வீட்லயே சரி பண்ணலாமா?

மீன்கிறுக்கன்_பெங்களூர்: ரஸ்ஸல் மார்க்கெட்ல வாங்குன ஒராண்டா (கோல்ட்ஃபிஷ்ல ஒரு வகை), கல்லுக்கு அடியில மாட்டி செதில் கொஞ்சம் உரிஞ்சு வால் ஓரமும் கிழிஞ்சிடுச்சு, நல்லா சாப்பிடுதுதான் ஆனா அம்மா மஞ்சத்தூள் போடுங்கறாங்க. போடலாமா? 40 லிட்டர் டேங்க், கூட ரெண்டு கோரிடோரஸ் (சின்ன கெளுத்தி மீன்) இருக்கு.

தொட்டிக்காரர்: மஞ்சள் வேணாங்க, தண்ணிதான் கலங்கும். லிட்டருக்கு 1 கிராம் கல்லுப்பு போதும். ஆனா கோரிடோரஸுக்கு உப்பு ஒத்துக்காது, அதனால ஒராண்டாவ தனி டப்ல ஏர்ஸ்டோன் (காத்துக் குமிழி விடறது) போட்டு வைங்க, உப்ப மக்குல கரைச்சு கொஞ்சம் கொஞ்சமா ஊத்துங்க. தண்ணி வத்துனாலும் உப்பு வத்தாது, வெறும் தண்ணி மட்டும் ரொப்புங்க.

ஜெயநகர்_அக்கா: உப்புக்கு முன்னாடி தண்ணிய பாருப்பா. நம்மூரு காவேரி தண்ணில குளோரின் இருக்கும், அத எடுக்கற டீகுளோரினேட்டர் மருந்து போட்டு கால்வாசி மாத்து, அமோனியா (மீன் கழிவுல வர்ற விஷம்) டெஸ்ட் பண்ணு, அது பூஜ்யமா இருக்கணும். இந்த மாதிரி சின்ன காயம் சுத்தமான தண்ணிலயே ஆறிடும், கண்ட மருந்தும் ஊத்தி மீன சாகடிக்கறவங்கதான் ஜாஸ்தி.

மீன்கிறுக்கன்_பெங்களூர்: சரிக்கா. மெத்திலீன் ப்ளூ (ஃபங்கஸுக்கு ஊத்தற நீல மருந்து) வாங்கி வச்சுருக்கேன், ஊத்தவா?

தொட்டிக்காரர்: இப்ப வேணாம். காயத்துல வெள்ளையா பஞ்சு மாதிரி வந்தா ஃபங்கஸ், அப்ப டப்ல மட்டும் ஊத்துங்க, மெயின் டேங்க்ல ஊத்துனா ஃபில்டர்ல இருக்கற நல்ல பாக்டீரியா செத்துடும், கண்ணாடிய ஒட்டியிருக்கற சிலிகானும் நீலமாயிடும். வால் ஓரம் செவந்து அரிச்சுக்கிட்டே போச்சுன்னா மீன் பாக்கற வெட் கிட்ட காட்டுங்க. மீன் மாட்டுன அந்த கல்ல முதல்ல எடுங்க.