பிள்ளையோட முதல் உபஜில்லா தடகள மீட்: போய் வந்தவங்க சொல்லுங்க

கொழிஞ்சாம்பாறை அம்மா

எங்க ஊர் கேரளாவுல பாலக்காடு பக்கம். மக ஏழாம் வகுப்பு, தமிழ் மீடியம். ஸ்கூல் ஸ்போர்ட்ஸ்ல 100 மீட்டர்லயும் 600 மீட்டர்லயும் முதல்ல வந்தா. இப்ப சித்தூர் உபஜில்லா மீட்டுக்கு, அதாவது மாவட்டப் போட்டிக்கு முந்தின கட்டத்துக்கு, பேர் கொடுத்திருக்காங்க. எங்க ரெண்டு பேர் வீட்டுலயும் இதுவரைக்கும் யாரும் ஓட்டப் போட்டின்னு போனதில்லைங்க. அன்னைக்கு அங்க என்ன நடக்கும், நான் கூடப் போகலாமா, எதையெல்லாம் எடுத்து வைக்கணும்? அவ இப்பவே ராத்திரி சரியாத் தூங்க மாட்டேங்கறா. பிள்ளைகளைக் கூட்டிட்டுப் போய்ப் பழகினவங்க சொன்னா தைரியமா இருக்கும்.

வேலந்தாவளம், ரெண்டு பிள்ளைக அப்பா

கட்டாயம் கூடப் போங்க அக்கா. எங்க ரெண்டு பிள்ளைகளும் சப் ஜூனியர்ல ஓடினவங்க, பெரியவன் இப்ப ஜூனியர். சப் ஜூனியர்னா 14 வயசுக்குக் கீழே, ஜூனியர் 17, சீனியர் 19. உங்க பொண்ணு சப் ஜூனியர்லதான் வருவா.

முதல்ல மனசுல வச்சுக்க வேண்டியது, அந்த நாள் முழுக்கக் காத்திருக்கறதுதான். காலைல ஏழு மணிக்கு வேன் ஏறுவாங்க. கொடியேத்தம், பேச்சு எல்லாம் முடிஞ்சு, பெரிய பசங்களோட நீண்ட தூர ஓட்டம் போய்ட்டிருக்கும். நம்ம பிள்ளை 100 மீட்டர் ஓடறது பதினஞ்சு விநாடி. அது காலை பத்துக்கும் வரலாம், மத்தியானம் மூணுக்கும் வரலாம். பேப்பர்ல போட்டிருக்கற நேரத்தை நம்பி உக்காரக் கூடாதுங்க. அந்த நேரம் முழுக்கப் பிள்ளை வெயில்ல சுத்தி, ஐஸ் வாங்கித் தின்னு, மத்த ஸ்கூல் பிள்ளைகளோட ஓடிப் பிடிச்சு விளையாடிட்டு இருந்தா, கோட்டுல போய் நிக்கறப்ப கால்ல ஒண்ணும் இருக்காது. காத்திருக்கற நேரத்தைப் பார்த்துக்கறதுதான் நம்ம வேலை, ஓடறதை அவ பார்த்துக்குவா.

ஒரு பழைய பாயோ தார்ப்பாயோ கொண்டு போங்க. மரத்தடி நிழல் எட்டு மணிக்கெல்லாம் காலியாயிடும், அதனால போனதும் இடம் பிடிச்சு விரிச்சிருங்க. ஒரு மாஷ் (வாத்தியார்), ஒரு டீச்சர், அவங்களை நம்பி இருபது முப்பது பிள்ளைக. நெஞ்சுல குத்தற செஸ்ட் நம்பர் வாங்கறது, பேர் சரிபார்க்கறது, அப்பீல் போடறதுன்னு அவங்க ஓடிட்டே இருப்பாங்க. நீங்க பையைப் பார்த்துக்கறேன், தண்ணி பார்த்துக்கறேன்னு சொன்னாலே அவங்களுக்குப் பெரிய உதவி. வயசுச் சான்று, ஹெச்.எம். கையெழுத்துப் போட்ட ஃபோட்டோ ஒட்டின ஃபாரம் இதெல்லாம் அவங்ககிட்டதான் இருக்கும். இருந்தாலும் ஆதார் நகல் ஒண்ணு உங்க பையிலயும் இருக்கட்டும்.

அறிவிப்பு எல்லாம் மலையாளத்துலதான் வரும். ஆனா பிரிவு பேரு, ஐட்டம் பேரு எல்லாம் இங்கிலீஷ்லயே சொல்லுவாங்க, ‘சப் ஜூனியர் கேர்ள்ஸ் சிக்ஸ் ஹண்ட்ரட்’ அப்படின்னு. அதைக் காதுல பழக்கி விட்டுடுங்க. செஸ்ட் நம்பரை மலையாளத்துலயும் இங்கிலீஷ்லயும் சொல்லிக் கேட்டாப் புரியணும். ஃபைனல் கால், அதாவது கடைசி அழைப்பு, முடிஞ்சுதுன்னா பேரை அடிச்சிட்டு அடுத்த ஆளைப் பார்ப்பாங்க, யார் கெஞ்சினாலும் திரும்ப எடுக்க மாட்டாங்க. அதனால முதல் அழைப்பு கேட்டவுடனே ரிப்போர்ட் பண்ற இடத்துக்கு அனுப்பிருங்க. அங்கயிருந்து வரிசையாக் கூட்டிட்டுப் போவாங்க, நாம உள்ளே போக முடியாது.

சாப்பாடு: காலைல ரெண்டு இட்லி, வேகவச்ச நேந்திரம்பழம். அப்புறம் கொஞ்சம் கொஞ்சமா கடலைமிட்டாய், பழம். உப்பும் சர்க்கரையும் போட்ட எலுமிச்சைத் தண்ணியை ஒரே மூச்சுல குடிக்க விடாம மடக்கு மடக்காக் கொடுங்க. சில இடத்துல கமிட்டிக்காரங்க மத்தியானம் சோறு, சாம்பார்னு நல்லாப் போடுவாங்க. 600 பாக்கி இருக்கறப்ப அதை வயிறு முட்டச் சாப்பிட விடாதீங்க. ஓட்டம் முடிஞ்சப்புறம் எவ்வளவு வேணும்னாலும் சாப்பிடட்டும்.

600 பத்தி ஒண்ணு சொல்றேன். 400 மீட்டர் டிராக்குன்னா ஒண்ணரைச் சுத்து, பள்ளி மைதானத்துல 200 மீட்டர் மண் டிராக்குன்னா மூணு சுத்து. 100 மீட்டர் ஓடிப் பழகின பிள்ளைக முதல் இருநூறை அதே வேகத்துல ஓடிருவாங்க, கடைசி இருநூறுல நடக்கற மாதிரி ஆயிடும். முதல் சுத்துல மூணாவது நாலாவது ஆளா இருந்தாப் போதும்னு மாஷ்கிட்டச் சொல்லிப் பழக்கச் சொல்லுங்க.

சித்தூர் தாலூகா, ஓய்வு பெற்ற உடற்கல்வி ஆசிரியர்

மேலே தம்பி நல்லாச் சொல்லிட்டார். நான் களத்துக்குள்ளே நடக்கறதைச் சொல்றேன் அம்மா.

துப்பாக்கி சத்தத்துக்கு முன்னாடி கிளம்பினா ஃபவுல் ஸ்டார்ட். 2010ல இருந்து சர்வதேச விதிப்படி ஒரே தடவைதான், உடனே வெளியே. சின்னப் பிள்ளைக போட்டியில சில ஸ்டார்ட்டர்கள் எச்சரிச்சு விடுவாங்க, அதை நம்பிப் பிள்ளையைப் பழக்கக் கூடாது. ‘செட்’ சொன்னதும் அசையாம நிக்கறதை வீட்டு முற்றத்துலயே கைதட்டிப் பழக்கலாம். 100 மீட்டர்ல அவங்கவங்க லேன்லயே ஓடி முடிக்கணும். கோட்டைத் தாண்டினதைக் கையாலோ காலாலோ கணக்குப் பண்ண மாட்டாங்க, உடம்பு தாண்டணும். உபஜில்லாவுல பெரும்பாலும் கையில ஸ்டாப் வாட்ச்தான். ஹீட்ஸ்ல, அதாவது தகுதிச் சுற்றுல, ஓடின நேரத்தை வச்சும் ஃபைனலுக்கு எடுப்பாங்க. அதனால முதல்ல வர்றோம்னு தெரிஞ்சாலும் வேகம் குறைக்காம கோட்டுக்கு அந்தப் பக்கம் பத்தடி ஓடி நிக்கச் சொல்லுங்க.

இந்த வயசுக்கு ஸ்பைக் (ஆணி வச்ச ஷூ) வாங்கித் தரணும்னு கடன் வாங்காதீங்க. மண் டிராக்குல வெறுங்காலோட ஓடி ஜெயிச்ச பிள்ளைகளை நான் நிறையப் பார்த்திருக்கேன். புது ஷூவைப் போட்டி அன்னைக்கு முதல் தடவையா மாட்டினா கால் கொப்புளிக்கும். மாவட்டப் போட்டி சிந்தெடிக் டிராக்குல நடக்கலாம், அங்க ஓட்டத்துக்கான ஆணி 9 மில்லிமீட்டருக்கு மேல கூடாது. அதை அப்புறம் பார்க்கலாம்.

4x100 ரிலேவுல உங்க பொண்ணைச் சேர்த்திருந்தா, தடியை 30 மீட்டர் மண்டலத்துக்குள்ள மாத்தணும். கீழே விழுந்தா விட்டவங்களே எடுக்கணும், எடுத்து ஓடலாம். விழுந்தவுடனே எல்லாம் போச்சுன்னு அழுதுக்கிட்டு நின்னுட்ட அணிகளைப் பார்த்து மனசு வலிச்சிருக்கு. இதை நாலு பிள்ளைகளுக்கும் முன்கூட்டியே சொல்லி வைக்கணும்.

இப்ப நான் சொல்லப் போறதை ஒவ்வொரு பெற்றோரும் கேக்கணும். எறிதல் நடக்கற பக்கம் பிள்ளையை விடவே விடாதீங்க. சுத்தியல் எறிதல் உங்க பொண்ணு பிரிவுல கிடையாது, ஆனா அதே நாள்ல பெரிய பிள்ளைகளுக்கு வட்டும் ஈட்டியும் குண்டும் போய்ட்டிருக்கும். 2019 அக்டோபர்ல பாலாவுல நடந்த மாநில ஜூனியர் தடகளப் போட்டியில, தொண்டரா நின்ன ஒரு மாணவன் தலையில சுத்தியல் பட்டு, சிகிச்சை பலிக்காம உயிர் போச்சு. பதினாறு வயசுப் பையன். கயிறு கட்டின இடத்தைக் குறுக்கே தாண்டிப் போறது, ஃபோட்டோ எடுக்க உள்ளே நுழையறது எதுவும் வேண்டாம். கயிறே கட்டாம எறிதல் நடந்தா நீங்க போய்க் கேளுங்க. அது சண்டை இல்லை, உங்க உரிமை.

மூணாறு எஸ்டேட் அம்மா

பொண்ணுப் பிள்ளைங்கறதால நான் எழுதறேன் அக்கா. உடை மாத்த ஏதாவது ஒரு வகுப்பறையைத் தருவாங்க, கொக்கி இருக்கும்னு சொல்ல முடியாது. கனமான கருப்புத் துண்டோ சால்வையோ ஒண்ணு எடுத்துக்கங்க. பேட், மாத்து உள்ளாடை, பழைய பேப்பர், ஒரு கவர் பையில இருக்கட்டும். இதுவரைக்கும் வயசுக்கு வரலைன்னாலும் வச்சுக்கங்க, கூட வந்த பிள்ளைக்குத் தேவைப்படும். கழிவறைக்குப் போகக் கூச்சப்பட்டுத் தண்ணியே குடிக்காம இருந்து மயங்கின பிள்ளைக உண்டு. நீங்களே கூட்டிட்டுப் போயிட்டு வாங்க.

ஷார்ட்ஸ் போட்டு ஓடறதுக்குச் சொந்தக்காரங்க வாய் சும்மா இருக்காது. எங்க லயத்துலயும் (எஸ்டேட் வரிசை வீடுகள்) பேசினாங்க. அதைப் பிள்ளை காதுக்குப் போக விடாம நான்தான் நடுவுல நின்னேன். நீங்களும் நில்லுங்க.

எங்களுக்கு இன்னொரு தொல்லை, மலை இறங்கணும். மாவட்டப் போட்டிக்கு அடிமாலிப் பக்கமா வளைவுல இறங்கறப்பவே பாதிப் பிள்ளைக வாந்தி எடுத்திருவாங்க. முடிஞ்சா முந்தின நாளே இறங்கி யார் வீட்டுலயாவது தங்க வைப்போம். உங்க பக்கம் சமவெளி, அந்தப் பாடு இல்லை.

நகரி

இங்க ஆந்திரா பக்கம் மண்டல் அளவுல தொடங்கி ஜில்லா, அப்புறம் மாநிலம். கபடி, கோ கோ கூடவே நடக்கும், அதனால கூட்டம் அதிகம். எங்க பேரன் தமிழ் வீட்டுப் பிள்ளை, தெலுங்கு மீடியம். மத்தபடி நீங்க எல்லாரும் சொன்ன அதே வெயில், அதே காத்திருப்பு. தாத்தாங்கற முறையில ஒண்ணு மட்டும் சேர்க்கறேன்: ஓடி முடிச்சதும் உடனே உக்கார வைக்காதீங்க, கொஞ்ச தூரம் நடத்துங்க.

கொழிஞ்சாம்பாறை அம்மா

எல்லாருக்கும் ரொம்ப நன்றிங்க. இன்னொண்ணு கேக்கறேன். உபஜில்லாவுல முதல்ல வந்து மாவட்டத்துக்குப் போனா எப்படி இருக்கும்? அப்புறம் அக்டோபர் மழை வந்தா என்ன பண்ணுவாங்க?

வேலந்தாவளம், ரெண்டு பிள்ளைக அப்பா

மாவட்டம் வேற உலகம் அக்கா, அதை மறைக்காமச் சொல்றேன். நம்ம பாலக்காடு ஜில்லாவுல பறளி, முண்டூர், குமரம்புத்தூர் கல்லடின்னு காலையும் சாயங்காலமும் பயிற்சி எடுக்கற பள்ளிக்கூடங்க இருக்கு. அந்தப் பிள்ளைக கோட்டுல வந்து நிக்கற விதமே வேற மாதிரி இருக்கும். 600ல நம்ம பிள்ளை கடைசி வளைவுல இருக்கறப்ப அவங்க முடிச்சிருப்பாங்க. அதைப் பார்த்துப் பிள்ளை உடையறதுக்கு முன்னாடி நாம உடைஞ்சிடக் கூடாது. உபஜில்லாவுல ஓடின நேரத்தை மாஷ்கிட்டக் கேட்டு எழுதி வச்சுக்கங்க. மாவட்டத்துல ஒரு விநாடி குறைஞ்சிருந்தா, எட்டாவதா வந்தாலும் பொண்ணு முன்னேறியிருக்கான்னு அர்த்தம். அதை அவகிட்டக் காட்டுங்க. விளையாட்டுக்காகப் பரீட்சைல கூடுதலாத் தர்ற கிரேஸ் மார்க் பேச்சை மட்டும் இந்த வயசுல வீட்டுல எடுக்காதீங்க.

முண்டூர்ல கூலி வேலை செஞ்ச குடும்பத்துப் பொண்ணு பி.யு. சித்ரா இதே மாதிரி பள்ளி மீட்டுகள்ல ஓடித்தான் வந்தாங்க. 2017ல புவனேஸ்வர்ல நடந்த ஆசியத் தடகளப் போட்டியில 1500 மீட்டர் தங்கம். 2022 பர்மிங்காம் காமன்வெல்த்துல நீளம் தாண்டி 8.08 மீட்டர்ல வெள்ளி வாங்கின ஸ்ரீசங்கரும் பாலக்காட்டுக்காரர்தான். உங்க பொண்ணுகிட்ட இவங்க கதையைச் சொல்லுங்க, சந்தோஷமாக் கேப்பா.

மழை: அக்டோபர்ல மத்தியானத்துக்கு மேல இடி மழை வரும். இடி கேட்டா மரத்தடியை விட்டுட்டுக் கட்டடத்துக்குள்ள போயிருங்க. மண் டிராக்கு சேறாயிட்டா மீதி ஐட்டத்தை மறுநாளைக்குத் தள்ளுவாங்க. அதனால அடுத்த நாளும் வேலைக்கு லீவ் சொல்லி வைங்க. மாத்துத் துணி ஒரு செட், உலர்ந்த துண்டு, செஸ்ட் நம்பர் நனையாம இருக்க ஒரு கவர், ஊக்கு நாலு கூடுதலா. ஸ்கூல் வாட்ஸ்அப் குரூப்ல ராத்திரிதான் புது நேரம் வரும், ஃபோனுக்குச் சார்ஜ் போட்டு வச்சுக்கங்க.