கிட் சேமிப்பது முழுக் கோப்பையா, வித்தியாசத்தையா?

கித்தாக்காட்டான்:
ஞாயிற்றுக்கிழமை சுங்கை சிப்புட்டில் பழைய மாணவர் கூட்டம். தோட்ட வரலாற்று மலரின் 43 திருத்தங்களை எதில் வைப்பது என்று பேச்சு. கிட், ஆர்சிஎஸ் இரண்டும் கோப்பின் ஒவ்வொரு திருத்தத்தையும் காத்து வைக்கும் மென்பொருள்கள். ஒருவர் மைக்கைப் பிடித்து, "கிட் என்பது பழைய ஆர்சிஎஸ்தான், பெயர்தான் புதுசு. இரண்டும் மாறிய வரியை மட்டுமே சேமிக்கும்" என்றார். கைதட்டல் வேறு! எனக்கு வடை தொண்டையில் இறங்கவில்லை. கிட் ஒவ்வொரு திருத்தத்துக்கும் முழுக் கோப்பை வைக்கிறது. முழுக் கோப்பு.

ஏழாம் லயம்:
பெயரைப் போடாவிட்டாலும் அது நான்தான் என்று ஊருக்கே தெரியும். அந்த வடையும் நான் வாங்கியது. 1982-லேயே வால்டர் டிஷி ஆர்சிஎஸ் செய்துவிட்டார். கடைசிப் பதிப்பு முழுசாக இருக்கும், பழையவை பின்னோக்கிய வித்தியாசங்களாக இருக்கும். கிட் எல்லாவற்றையும் சுருக்கிக் கட்டி வைக்கும் பேக் கோப்பைத் திறந்து பாருங்கள் தம்பி. அங்கேயும் டெல்டாதான், அதாவது வித்தியாசம்தான்.

கித்தாக்காட்டான்:
அண்ணே, பேக் என்பது மூட்டை கட்டுகிற வேலை. லாரியில் ஏற்ற கித்தா (ரப்பர்) ஷீட்டை அமுக்கிக் கட்டுகிறோம். அதற்காக ஷீட்டே கிடையாது என்பீர்களா? கமிட் (பதிவான ஒரு திருத்தம்) ஒரு ட்ரீயை (கோப்புப் பட்டியலை) காட்டும், ட்ரீ ப்ளாப்பைக் காட்டும். ப்ளாப் என்றால் முழுக் கோப்பு. ஓர் எழுத்து மாறினாலும் புது ப்ளாப், உள்ளடக்கத்திலிருந்து கணக்கிட்ட புது 40 எழுத்து ஷா-1 பெயர். 2005 ஏப்ரலில் லினக்ஸை உருவாக்கிய லினஸ் டோர்வால்ட்ஸ் கிட்டைத் தொடங்கியபோது பேக்கே இல்லை. அது பிறகு வந்து ஒட்டிக்கொண்டது.

நைட் ஷிப்ட்:
பாஸ், கணினி வட்டில் கிடப்பது டெல்டா என்றால் சேமிப்பது டெல்டா. இதற்கு எதற்கு லாரியும் ஷீட்டும் லா?

கித்தாக்காட்டான்:
எந்த டெல்டா? ஆர்சிஎஸ்ஸில் ஒரு கோப்பின் வித்தியாசம் அதே கோப்பின் அடுத்த பதிப்போடுதான். கிட் பேக்கில் பெயரும் அளவும் ஒத்துப்போனால் வேறொரு கோப்பின் மேல்கூட டெல்டா கட்டும். வரலாற்றுக்கும் அதற்கும் சம்பந்தமில்லை. முழுக் கோப்பு என்று மூன்றாம் முறை சொல்கிறேன்.

கோயில் தெரு:
மன்னிக்கவும், மலர் வேர்ட் கோப்புதானே? அது உண்மையில் ஒரு ஜிப், உள்ளே எக்ஸ்எம்எல். ஒரு கால்புள்ளியை மாற்றினாலும் சுருக்கிய பைட்டுகள் பெரும்பாலும் புரண்டுவிடும், டெல்டாவால் பெரிதாக மிச்சமாகாது. வெறும் உரையாக மாற்றிவிட்டு அப்புறம் சண்டை போடலாமே.

கித்தாக்காட்டான்:
பார்த்தீர்களா, இவரும் முழுசு என்கிறார்.

கோயில் தெரு:
நான் அப்படிச் சொல்லவில்லை.

ஏழாம் லயம்:
போன வருடத் திருவிழா நோட்டீஸை "இறுதி", "இறுதி 2", "உண்மையான இறுதி" என்று மூன்றாக வைத்துக்கொண்டு, தப்பானதை அச்சுக்குக் கொடுத்தவர் எனக்குத் திருத்தக் கட்டுப்பாடு சொல்லித் தருகிறார். காலம்!

கித்தாக்காட்டான்:
கோப்பைக் கொடுத்தது நான். பெண்டிரைவைக் கைமாற்றியது யார்? என் 32 ஜிபி பெண்டிரைவ் இன்னும் உங்கள் வீட்டு மேசையில்தான் கிடக்கிறது.

பைகிட் பையன்:
கிட் வேலைகளைச் செய்யும் நிரல் தொகுப்பான லிப்கிட்2 நூலகத்தை பைத்தான் நிரல்மொழியில் பைகிட்2 வழியாக ஓட்டிப் பார்த்தேன். ப்ளாப்பைக் கேட்டால் முழுக் கோப்புதான் கைக்கு வருகிறது.

ஏழாம் லயம்:
கேட்டால் வருவது வேறு, வைத்திருப்பது வேறு. ஆர்சிஎஸ்ஸிலும் கோப்பை எடுக்கும் சிஓ கட்டளையைத் தட்டினால் முழுசுதான் வரும். 1972-இல் பெல் ஆய்வகத்தில் செய்த இன்னும் பழைய மென்பொருளான எஸ்சிசிஎஸ்ஸிலும் அப்படித்தான்.

கித்தாக்காட்டான்:
எஸ்சிசிஎஸ் எல்லாப் பதிப்பின் வரிகளையும் ஒரே கோப்பில் பின்னி வைக்கும். அதைக்கூட ஆர்சிஎஸ்ஸோடு சேர்த்துக் கட்டுகிறீர்களே, கிட் எப்படிப் புரியும்?

தமிழ்ச்சொல் காவலர்:
நூலகம் என்றால் புத்தகம் இருக்கும் இடம். நிரலகம் என்று எழுதுங்கள்.

பைகிட் பையன்:
நிரலகம் என்றால் என் வீட்டில் யாருக்கும் புரியாது.

தமிழ்ச்சொல் காவலர்:
பைகிட் மட்டும் உங்கள் பாட்டிக்குப் புரியுமாக்கும்.

கோயில் தெரு:
ஒரு நிமிடம். மலாயா அவசரகால அத்தியாயத்தில் 1948 ஜூன் 16 என்றிருந்ததை யாரோ 1984 ஆக்கியிருக்கிறார்கள். எந்தத் திருத்தத்தில் மாறியது? அச்சகத்திலிருந்து இரண்டு முறை போன் வந்துவிட்டது.

ஏழாம் லயம்:
ஆர்சிஎஸ்ஸில் வைத்திருந்தால் திருத்தப் பதிவைக் காட்டும் ஆர்லாக் கட்டளையைத் தட்டி யார் கை வைத்தது என்று எப்போதோ பார்த்திருக்கலாம்.

கித்தாக்காட்டான்:
வேர்ட் கோப்புக்குள் ஆர்லாக் எந்த வருடத்தைக் காட்டுமாம்? அதை அப்புறம் பார்ப்போம். ப்ளாப் முழுக் கோப்பா இல்லையா, ஒரே வார்த்தையில் சொல்லுங்கள் அண்ணே.

ஏழாம் லயம்:
டெல்டா. அப்புறம் அந்தப் பெண்டிரைவ் 16 ஜிபிதான்.

கித்தாக்காட்டான்:
32. ரசீது இருக்கிறது.